மெட்டு ஒருவருடையது, வரி இன்னொருவருடையது: டாங்கோ பாடல்களை எழுதியவர்கள்

டாங்கோ என்றதும் நம்மில் பலருக்குக் கண்முன் வருவது ஒரு ஜோடி ஆடும் நடனம். அது சரிதான், ஆனால் பாதிதான் சரி. அர்ஜென்டினாவிலும் உருகுவேயிலும் ஓர் அடிகூட ஆடிப் பழகாதவர்கள் பத்து டாங்கோக்களை வரி பிசகாமல் பாடுவார்கள். அவர்களுக்கு டாங்கோ ஒரு பாட்டு. காதலி விட்டுப் போனது, குதிரைப் பந்தயத்தில் பணம் போனது, வளர்ந்த தெரு அடையாளம் தெரியாமல் மாறிப்போனது என்று மூன்றே நிமிடத்தில் ஒரு கதையைச் சொல்லி முடித்துவிடும் பாட்டு.

இந்தக் கட்டுரை அந்தப் பாட்டுகளை எழுதியவர்களைப் பற்றியது. பாடியவர்களுக்கு ஏற்கெனவே புகழ் போதுமான அளவு இருக்கிறது. புதிதாகக் கேட்க ஆரம்பிப்பவர் முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது: பெரும்பாலான டாங்கோக்களுக்குப் பின்னால் இரண்டு பெயர்கள் உண்டு. ஒருவர் மெட்டுப் போட்டவர், மற்றவர் வரி எழுதியவர். நம் சினிமாவில் மெட்டுக்குப் பாட்டெழுதும் வழக்கத்தை அறிந்தவர்களுக்கு இது புதிதல்ல. ஒரு வித்தியாசம் மட்டும் உண்டு. நம்மூரில் இசையமைப்பாளரும் கவிஞரும் ஒரே படத்துக்காக வேலை செய்கிறார்கள். டாங்கோவின் ஆரம்ப காலத்தில் மெட்டுக்காரருக்குத் தெரியாமலேயே யாராவது அதற்கு வரி எழுதிவிடுவதும் நடந்தது. ஊரே பாட ஆரம்பித்த பிறகுதான் அவருக்குச் செய்தி போகும். உலகத்தில் அதிகம் அறியப்பட்ட டாங்கோவின் கதையே அதுதான்.

ஒரு மாணவர் போட்ட மெட்டு

'லா கும்பர்சீத்தா' என்ற பெயர் தெரியாவிட்டாலும் அந்த மெட்டு எங்காவது உங்கள் காதில் விழுந்திருக்கும். பழைய ஹாலிவுட் படம், கார்ட்டூன், விளம்பரம் என்று எல்லா இடத்திலும் புகுந்த மெட்டு அது. டாங்கோ ஆடும் கூடங்களை 'மிலோங்கா' என்பார்கள். அங்கே இரவின் கடைசிப் பாட்டு வழக்கமாக இதுதான். இது ஒலிக்க ஆரம்பித்தால் பிடித்த ஜோடியைத் தேடிப் பிடித்து ஆடிவிட்டு, செருப்பை மாற்றிக்கொண்டு வீட்டுக்குக் கிளம்ப வேண்டியதுதான்.

மெட்டுப் போட்டவர் ஹெரார்தோ மத்தோஸ் ரோத்ரிகெஸ். அர்ஜென்டினாக்காரர் இல்லை, உருகுவேயின் தலைநகரான மொண்டேவீடியோவில் 1897-இல் பிறந்தவர். கட்டடக்கலை படித்துக்கொண்டிருந்த மாணவர். அவருடைய மாணவர் சங்கம் கார்னிவல் திருவிழாவில் ஊர்வலம் போவதற்காக நடைபோடும் தாளத்தில் அவர் போட்ட மெட்டு அது. அந்தச் சமயத்தில் ரொபெர்த்தோ ஃபிர்ப்போ என்ற பியானோ கலைஞர் அர்ஜென்டினாவின் தலைநகரான புவெனஸ் ஐரிஸிலிருந்து வந்து, மொண்டேவீடியோவின் 'லா ஹிரால்தா' என்ற காபிக் கடையில் தன் குழுவோடு வாசித்துக்கொண்டிருந்தார். மாணவர்கள் மெட்டு எழுதிய தாளைக் கொண்டுபோய் அவரிடம் கொடுத்தார்கள். ஃபிர்ப்போ பின்னாளில் சொன்னபடி, மெட்டு அப்படியே ஒரு டாங்கோவுக்குப் போதுமானதாக இல்லை. தன்னுடைய பழைய டாங்கோ ஒன்றிரண்டிலிருந்து துணுக்குகளை எடுத்துச் சேர்த்தாராம், இத்தாலிய இசைமேதை வெர்தியின் ஓபரா ஒன்றிலிருந்தும் கொஞ்சம். அதாவது 'யார் எழுதியது' என்ற கேள்விக்கு முதல் நாளே பதில் குழம்பிவிட்டது.

பாட்டு கொஞ்ச நாள் ஓடியது, அப்புறம் மறந்துபோனார்கள். மத்தோஸ் அதன் உரிமையை புவெனஸ் ஐரிஸ் பதிப்பகம் ஒன்றுக்குச் சொற்பத் தொகைக்கு விற்றுவிட்டார். அப்போது அவர் சட்டப்படி மேஜர் ஆகவில்லை. இந்தச் சின்ன விவரம் பிற்பாடு கோர்ட்டில் பெரிதாகப் பேசப்பட்டது.

1924-இல் பாஸ்குவல் கொந்துர்சி, என்ரிகே மரோனி என்ற இரண்டு எழுத்தாளர்கள் தங்கள் நாடகத்துக்காக இந்த மெட்டை எடுத்து வரி எழுதினார்கள். மத்தோஸைக் கேட்கவில்லை. 'உனக்குத் தெரிந்தால்...' என்று தொடங்கும் பாட்டு. விட்டுப் போனவளை நினைத்து ஒருவன் புலம்புகிறான். அவள் போன துக்கத்தில் வீட்டு நாய்க்குட்டி சாப்பிடாமல் கிடந்ததாம். கடைசியில் அதுவும் அவன் தனியாக இருப்பதைப் பார்த்துவிட்டு அவனை விட்டுப் போய்விட்டதாம். பரிதாபமும் சிரிப்பும் ஒன்றாக வரும் இடம் அது. டாங்கோ வரியாசிரியர்கள் இதில் கில்லாடிகள். டாங்கோவின் மிகப் புகழ்பெற்ற பாடகர் கார்லோஸ் கார்தெல் அதை இசைத்தட்டில் பாடினார், செத்துக் கிடந்த மெட்டு எழுந்து உட்கார்ந்தது.

மத்தோஸ் அப்போது பாரீஸில் இருந்தார். அவருக்கு விஷயத்தைச் சொன்னவர் அங்கே வந்திருந்த இசைக்குழுத் தலைவர் பிரான்சிஸ்கோ கனாரோ. 'உன் மெட்டு எங்கே பார்த்தாலும் ஒலிக்கிறது, வேறு பெயரில்' என்பதுதான் செய்தி. மத்தோஸ் ஊர் திரும்பி வழக்குப் போட்டார். தானே வேறு வரியும் எழுதினார். அதில் துயரங்களின் ஊர்வலம் ஒன்று நோயாளி ஒருவனைச் சுற்றி வருகிறது. எனக்கு அந்த வரிகள் கொஞ்சம் கனமாகப் படுகின்றன. பாடகர்களும் கொந்துர்சியின் நாய்க்குட்டிப் பக்கமே அதிகம் சாய்ந்தார்கள். வழக்கு ஒன்று முடிந்தால் இன்னொன்று என்று வருடக்கணக்கில் இழுத்தது. கடைசியில் அதே கனாரோ மத்தியஸ்தம் செய்து 1948-இல் ஒரு பங்கீடு சொன்னார்: வருமானத்தில் 80 சதவீதம் மெட்டுக்காரர் தரப்புக்கு, 20 சதவீதம் வரி எழுதிய இருவர் தரப்புக்கு. கொந்துர்சி 1932-லேயே இறந்துவிட்டார். மத்தோஸும் அதே 1948-இல் காலமானார்.

சண்டை அதோடு முடியவில்லை, நாடுகளுக்குப் போய்விட்டது. உருகுவே இந்தப் பாட்டைத் தன்னுடைய மக்கள் கீதமாகச் சட்டமே போட்டு அறிவித்தது. 2000 சிட்னி ஒலிம்பிக் தொடக்க விழாவில் அர்ஜென்டினா அணி இந்த இசையோடு நடந்து வந்தபோது உருகுவே முறையாகக் கண்டனம் தெரிவித்தது.

பாட்டுக்குள் கதை வந்தது எப்போது

டாங்கோ பிறந்தது 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில், ரியோ தெ லா பிளாத்தா ஆற்று முகத்துவாரத்தின் இரண்டு கரைகளிலும் இருந்த துறைமுக ஊர்களில். ஆப்பிரிக்க வம்சாவளியினரின் தாளம், கியூபாவின் அபானெரா நடன இசை, கிராமத்துப் பாட்டுக்காரர்களின் மிலோங்கா (இங்கே ஆடும் கூடம் இல்லை, அதே பெயருள்ள பாட்டு வகை), கப்பல் கப்பலாக வந்திறங்கிய இத்தாலியர்களின் பாட்டு எல்லாம் கலந்தது. ஆரம்பத்தில் வரிகள் இருந்தாலும் அவை பெரும்பாலும் பேட்டை ரவுடிகளின் ஜம்பம், அல்லது இரட்டை அர்த்தம்.

அந்தக் காலத்து முக்கியமான ஆள் ஆங்ஹெல் வில்லோல்தோ. 1903-இல் அரங்கேறிய அவருடைய 'எல் சோக்லோ' இன்றும் வாசிக்கப்படுகிறது. முதலில் அதை வாசித்தது பணக்காரர்கள் வரும் ஓர் உணவகத்தில். டாங்கோ என்று சொன்னால் கதவைச் சாத்திவிடுவார்கள் என்பதால் 'நாட்டு நடன இசை' என்று பெயர் மாற்றி வாசித்தார்கள். இந்த மெட்டுக்கு வில்லோல்தோவே வரி எழுதினார். பின்னால் ஹுவான் கார்லோஸ் மராம்பியோ கத்தான் வேறு வரி எழுதினார். 1947-இல் என்ரிகே சாந்தோஸ் டிசெப்போலோ மூன்றாவதாக ஒன்று எழுதினார். ஒரே மெட்டு, மூன்று பாட்டு. இன்று பாடகர்கள் பெரும்பாலும் எடுப்பது டிசெப்போலோ எழுதியதை.

நாம் இன்று 'டாங்கோ பாட்டு' என்று சொல்வது தொடங்கிய இடம் 1917 என்று பொதுவாகச் சொல்வார்கள். அதற்கும் காரணம் அதே கொந்துர்சிதான். செருப்புக் கடையில் வேலை பார்த்தவர், மொண்டேவீடியோவின் கேளிக்கை விடுதிகளில் கிதாரோடு பாடியவர். பிறருடைய மெட்டுகளை எடுத்து அவற்றுக்கு வரி எழுதுவது அவருடைய பழக்கம். அப்படி சாமுவேல் காஸ்திரியோத்தா என்பவரின் 'லித்தா' என்ற வாத்திய இசைக்கு அவர் எழுதியதுதான் 'மி நோச்சே திரிஸ்தே'. 'என் சோக இரவு' என்று சொல்லலாம். அதுவரை கிராமியப் பாடல்களைப் பாடிக்கொண்டிருந்த கார்தெல் இதைக் கேட்டுப் பிடித்துப்போய் மேடையிலும் இசைத்தட்டிலும் பாடினார்.

அதில் என்ன புதுமை? ஒரு பெண் விட்டுப் போய்விட்டாள். அவ்வளவுதான் கதை. ஆனால் பாடுகிறவன் தன் மனசைப் பற்றி அதிகம் பேசுவதில்லை, அறையைக் காட்டுகிறான். படுக்கப் போகும்போது கதவை மூடாமல் வைக்கிறான், அவள் திரும்பி வருவாள் என்ற நினைப்புக்காக. அவள் இருந்தபோது போலவே மாத்தே பானத்துக்குத் தொட்டுக்கொள்ள பிஸ்கட் வாங்கி வருகிறான். முகம் பார்க்கும் கண்ணாடி மங்கியிருக்கிறது, அழுதது மாதிரி. கிதார் அலமாரிக்குள் தொங்குகிறது, எடுத்துப் பாட ஆளில்லை. விளக்குகூட அவளில்லாமல் எரிய மறுக்கிறது. அதுவரை ஜம்பம் பேசிய ஆண்பிள்ளை முதல் தடவையாக உட்கார்ந்து அழுகிறான், அதுவும் பேட்டைக் கொச்சையில். 'லுன்ஃபார்தோ' என்று அந்தக் கொச்சைக்குப் பெயர். இத்தாலியச் சொற்களும் துறைமுகத்துப் பேச்சும் சிறைச்சாலைப் பேச்சும் கலந்தது. ஸ்பானிய மொழி நன்றாகத் தெரிந்தவர்களே பழைய டாங்கோவைக் கேட்டு விழிப்பது இதனால்தான்.

இதற்கு அப்புறம் வந்த ஆயிரக்கணக்கான டாங்கோக்கள் இந்த ஒரு பாட்டின் பிள்ளைகள் என்றால் மிகையில்லை. விட்டுப்போன பெண்களின் எண்ணிக்கையைப் பார்த்தால், அந்த ஊரில் யாராவது வீட்டில் இருந்தார்களா என்றே சந்தேகம் வரும்.

கார்தெலுக்கு எழுதியவர்

கார்தெல் பெயர் தெரியாமல் டாங்கோ இல்லை. ஆனால் அவருடைய மிகப் பிரபலமான பாட்டுகளின் வரிகள் அல்ஃப்ரெதோ லெ பெரா எழுதியவை. பிரேசிலின் சாவோ பாலோவில் 1900-இல் பிறந்து புவெனஸ் ஐரிஸில் வளர்ந்தவர். பத்திரிகையாளர், நாடக விமர்சகர், மௌனப் படங்களுக்கு எழுத்து வசனம் எழுதியவர். பாராமவுண்ட் கம்பெனி கார்தெலை வைத்து முதலில் பிரான்ஸிலும் அப்புறம் நியூயார்க்கிலும் ஸ்பானியப் படங்கள் எடுத்தபோது கதை, வசனம், பாட்டு மூன்றையும் எழுதியவர் இவர்.

இங்கே ஒரு வியாபாரக் காரணம் பாட்டின் மொழியையே மாற்றியது. படம் மெக்சிகோவிலும் கொலம்பியாவிலும் ஸ்பெயினிலும் ஓட வேண்டும். லுன்ஃபார்தோவில் எழுதினால் புவெனஸ் ஐரிஸுக்கு வெளியே யாருக்கும் புரியாது. அதனால் லெ பெரா எங்கேயும் புரியும் சுத்தமான ஸ்பானிய மொழியில் எழுதினார். புவெனஸ் ஐரிஸ் ரசிகர்களில் ஒரு பிரிவினர் இதில் பேட்டை வாசனை போய்விட்டது என்று இன்றும் குறைப்படுவார்கள். எனக்கு அந்தக் குறை நியாயமாகப் படவில்லை. வாசனை கொஞ்சம் குறைந்தது, ஆனால் அந்தப் பாட்டுகள் ஒரு கண்டம் முழுக்கப் போய்ச் சேர்ந்தன. மெட்டு கார்தெலுடையது. அவர் ஸ்வரம் எழுதத் தெரிந்த ஆளில்லை. முணுமுணுத்துக் காட்டுவார், தெரிக் துச்சி போன்ற இசைக்கலைஞர்கள் தாளில் இறக்குவார்கள்.

இந்த ஜோடியின் 'போர் ஊனா கபேசா' உங்களுக்குக் கட்டாயம் தெரியும். 'சென்ட் ஆஃப் எ வுமன்' என்ற 1992 படத்தில், கண் தெரியாத வேடத்தில் வரும் அல் பச்சினோ ஓர் இளம்பெண்ணோடு ஆடும் காட்சியில் வயலினில் ஒலிப்பது அதுதான். அங்கே வரி கிடையாது, வாத்தியம் மட்டும். அதனால் இது காதல் கீதம் என்று கல்யாண வீடுகளில்கூட வாசிக்கிறார்கள். உண்மையில் இது ஒரு சூதாடியின் பாட்டு. குதிரைப் பந்தயம் நடக்கிறது. பணம் கட்டிய குதிரை எல்லைக்கோட்டுக்குக் கொஞ்சம் முன்னால் தளர்ந்து, ஒரு தலை நீளத்தில் தோற்கிறது. திரும்பி வரும்போது அது, 'தம்பி, சூதாடக்கூடாது என்று தெரியாதா?' என்று கேட்பது போலிருக்கிறது. பெண்கள் விஷயத்திலும் அவன் இப்படித்தான் தோற்றிருக்கிறான். இனிமேல் பந்தயமே வேண்டாம் என்று சத்தியம் செய்கிறான். ஆனால் ஞாயிற்றுக்கிழமை நிச்சயமாக ஜெயிக்கும் என்று ஒரு குதிரை வந்தால்? மறுபடியும் மொத்தப் பணத்தையும் கட்டுவேன், வேறென்ன செய்ய முடியும் என்று முடிக்கிறான். கார்தெலே குதிரைப் பைத்தியம். 'லுனாத்திகோ' என்று சொந்தமாகப் பந்தயக் குதிரை வைத்திருந்தார். மெட்டில் ஒரு வித்தையைக் கவனியுங்கள்: கதை சொல்லும் பகுதி 'மேஜர்' என்ற மேற்கத்தியச் சுர வரிசையில் துள்ளலாகப் போகும், பல்லவி வந்ததும் சோகம் தொனிக்கும் 'மைனர்' வரிசைக்கு மாறிக் கனத்துவிடும்.

'எல் தியா கெ மெ கியெராஸ்' என்ற 1935 படத்துக்கும் இவர்கள்தான். அதன் தலைப்புப் பாட்டின் பெயர் மெக்சிகோ கவிஞர் அமாதோ நெர்வோவின் கவிதை ஒன்றின் பெயர். இதே படத்தில் வரும் 'வொல்வேர்', வருடங்கள் கழித்து ஊர் திரும்புகிறவனின் பாட்டு. அந்தப் படத்தில் பேப்பர் போடும் பையனாக ஒரு சின்ன வேடத்தில் வந்த சிறுவன், நியூயார்க்கில் குடும்பத்தோடு வாழ்ந்துகொண்டிருந்த, பின்னாளில் பெரிய டாங்கோ இசையமைப்பாளரான ஆஸ்தோர் பியாசோலா. கார்தெல் தன் இசைப் பயணத்துக்கு அவனையும் கூப்பிட்டார். அப்பா அனுப்பவில்லை, பையன் ரொம்பச் சின்னவன் என்று. அந்தப் பயணத்தில்தான், 1935 ஜூன் 24 அன்று கொலம்பியாவின் மெதெயின் விமான நிலையத்தில் நடந்த விபத்தில் கார்தெலும் லெ பெராவும் ஒன்றாக இறந்தார்கள். எழுதியவரும் பாடியவரும் ஒரே நாளில்.

கசப்பை எழுதியவர், தெருவை எழுதியவர்

டிசெப்போலோ ஒரு விதிவிலக்கு: மெட்டும் வரியும் பல பாட்டுகளில் அவருடையதே. 1901-இல் பிறந்தவர், சிறுவயதிலேயே பெற்றோரை இழந்து, நாடக ஆசிரியரான அண்ணன் அர்மாந்தோவிடம் வளர்ந்தவர். அவருடைய 'யீரா யீரா' காதல் தோல்விப் பாட்டு இல்லை, உலகத்தின் மேலேயே நம்பிக்கை போனவனின் பாட்டு. கார்தெல் அதைப் பாடிய 1930-ஆம் வருடக் குறும்படம் ஒன்று இருக்கிறது. பாட்டுக்கு முன்னால் கார்தெலும் டிசெப்போலோவும் நின்று பேசிக்கொள்கிறார்கள். இந்தப் பாட்டில் என்ன சொல்ல நினைத்தாய் என்று கார்தெல் கேட்கிறார். தனிமையும் நம்பிக்கையின்மையும் என்கிறார் டிசெப்போலோ. பாட்டில் வருகிறவன் நல்லவன்தானே? ஆமாம், மனிதர்கள் எல்லாரும் சகோதரர்கள் என்று நாற்பது வருடம் நம்பியவன். திடீரென்று ஒருநாள் மனிதர்கள் மிருகங்கள் என்று தெரிந்துகொண்டவன். ஆனால் கசப்பாகப் பேசுகிறானே? நாற்பது வருடம் கழித்து விழித்துக்கொண்டவன் வேடிக்கையாகவா பேசுவான்? ஒரு பாடகர் எழுத்தாளரிடம் பாட்டின் பொருளைக் கேட்டு வாங்கிக்கொள்வதைப் படச்சுருளிலேயே பார்க்கக் கிடைப்பது அபூர்வம்.

அதே 1930-இல் அர்ஜென்டினாவில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. உலகப் பொருளாதார நெருக்கடி வேறு. அந்தப் பத்தாண்டின் பாட்டுதான் 1934-இல் அவர் எழுதிய 'கம்பலாச்சே'. பழைய சாமான் கடை என்று பொருள். உலகம் எப்போதுமே குப்பைதான், ஆனால் இந்த இருபதாம் நூற்றாண்டில் யோக்கியனும் அயோக்கியனும் ஒரே அலமாரியில் என்று பொரிந்து தள்ளுகிறார். சும்மா பொதுவாகத் திட்டவில்லை, பெயர் சொல்கிறார்: அந்த வருடம்தான் பிரான்ஸையே உலுக்கிய மோசடிக்காரர் ஸ்தாவிஸ்கியும் துறவி டான் போஸ்கோவும் ஒரு வரிசையில், நெப்போலியனும் உள்ளூர் மாஃபியா தலைவன் ஒருவனும் பக்கத்தில் பக்கத்தில், குத்துச்சண்டை வீரர் கர்னேராவோடு விடுதலைத் தளபதி சான் மார்த்தீன். கடைக் கண்ணாடிக்குள் பைபிள் ஒன்று வெந்நீர்க் கொதிகலனுக்குப் பக்கத்தில் கிடந்து அழுகிறது. ராணுவ அரசுகளுக்கு இந்தப் பாட்டு பிடிக்காமல் போனதில் ஆச்சரியமில்லை. 1943-இல் ஆட்சிக்கு வந்த ராணுவ அரசு, வானொலியில் கொச்சை மொழிக்கே தடை போட்டது, பல டாங்கோக்களின் வரிகளைத் திருத்திப் பாட வேண்டியிருந்தது. டாங்கோ எழுத்தாளர்களில் ஒரே ஒருவரைத்தான் படிக்க நேரம் என்றால், நான் இவரைத்தான் சொல்வேன்.

ஓமேரோ மான்சி வேறு ரகம். சாந்தியாகோ தெல் எஸ்தெரோ மாகாணத்தில் 1907-இல் பிறந்து, புவெனஸ் ஐரிஸின் தென்பகுதியில் வளர்ந்தவர். அவருடைய 'சுர்' 1948-இல் வந்தது. மெட்டு ஆனிபால் திரொய்லோ. சான் ஹுவான் தெருவும் போயேதோ தெருவும் சந்திக்கும் மூலை, கொல்லன் பட்டறை, சேறு, அதற்கப்பால் வெட்டவெளி என்று ஒரு பேட்டையின் வரைபடத்தையே போட்டுக் காட்டிவிட்டு, அதெல்லாம் மாறிப்போனதையும் கூடவே ஒரு காதல் போனதையும் சொல்கிறார். அந்தத் தெருமூலையில் இன்று அவர் பெயரிலேயே ஒரு காபிக் கடை இருக்கிறது. 1951 மே மாதம் மான்சி இறந்தபோது திரொய்லோ அவருக்காக 'ரெஸ்பொன்சோ' என்று வரியில்லாத ஓர் அஞ்சலி எழுதினார். வரி எழுதுகிறவனே போய்விட்டானே. அதே வருடம் டிசம்பரில் டிசெப்போலோவும் போய்விட்டார்.

இதுவரை சொன்னவர்கள் எல்லாரும் ஆண்கள். ஆனால் இசைத்தட்டில் ஆண் பெயர் இருந்ததாலேயே எழுதியவர் ஆண் என்று நம்பிவிட முடியாது. 'லூயிஸ் மாரியோ', 'மாரியோ காஸ்த்ரோ' என்ற பெயர்களில் எழுதியவர் மரியா லூயிசா கர்னெல்லி என்ற பெண். பத்திரிகையாளர், பிற்பாடு ஸ்பானிய உள்நாட்டுப் போர்ச் செய்திகளை எழுதியவர். 'குவாந்தோ யோரா லா மிலோங்கா', 'சே வா லா வீதா' இரண்டும் அவருடையவை. பேட்டைக் கொச்சையில் ஒரு பெண் பாட்டெழுதினால் 1920-களின் புவெனஸ் ஐரிஸில் அது எப்படிப் பார்க்கப்பட்டிருக்கும் என்று ஊகிக்க முடியும்.

கார்தெலோடு போகாமல் தப்பிய அந்தப் பையன் பியாசோலா கதை தனியாக எழுத வேண்டியது. 1959-இல் அப்பா இறந்த செய்தி வந்தபோது எழுதிய 'அதியோஸ் நொனீனோ' அவருடைய உச்சம் என்பார்கள். அதற்கு வரி தேவைப்படவில்லை. பத்து வருடம் கழித்து உருகுவே கவிஞர் ஒராசியோ ஃபெர்ரேரோடு சேர்ந்து 'பலாதா பாரா உன் லோகோ' போட்டார், தலையில் பாதி முலாம்பழத்தைக் கவிழ்த்துக்கொண்டு தெருவில் ஆடி வரும் ஒரு பைத்தியக்காரனின் காதல் பாட்டு. 1969-இல் புவெனஸ் ஐரிஸில் ஒரு போட்டியில் அமெலீத்தா பல்த்தார் அதைப் பாடியபோது பழமைவாதிகள் கூச்சல் போட்டார்கள். பரிசு இரண்டாவதுதான் கிடைத்தது. முதல் பரிசு வாங்கிய பாட்டை இன்று தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும்.

டாங்கோவுக்கு வெளியே

ஸ்பானிய மொழியின் மற்ற பிரபலப் பாட்டுகளிலும் இந்த 'யார் எழுதியது' கேள்வியைக் கேட்டுப் பார்க்கலாம். 'குவாந்தானமேரா' நல்ல உதாரணம். மெட்டு, கியூபாவில் ஹோசெய்தோ ஃபெர்னாந்தெஸ் வானொலியில் அன்றாடச் செய்திகளைப் பாட்டாகச் சொல்லப் பயன்படுத்தியது. நாம் இன்று கேட்கும் வரிகளோ, 1895-இலேயே போர்க்களத்தில் இறந்துவிட்ட கவிஞர் ஹோசே மார்த்தியின் கவிதைகள். இரண்டையும் பொருத்திப் பார்த்தவர் ஹூலியான் ஓர்போன் என்ற இசையமைப்பாளர். அமெரிக்க நாட்டுப்புறப் பாடகர் பீட் சீகர் பாடி உலகம் முழுக்கக் கொண்டுபோனார்.

பொலேரோ என்ற மெல்லிசைக் காதல் பாட்டு வகையில் மெட்டும் வரியும் ஒருவரே எழுதுவது சகஜம். 'பெசாமே மூச்சோ' எழுதியவர் கொன்சுவேலோ வெலாஸ்கெஸ், மெக்சிகோவைச் சேர்ந்த பியானோ கலைஞர். முத்தம் கேட்டு உருகும் இந்தப் பாட்டை எழுதியபோது தான் யாரையும் முத்தமிட்டதே இல்லை என்று அவர் சொல்லியிருக்கிறார். பீட்டில்ஸ் குழு 1962 ஜனவரி 1 அன்று டெக்கா இசைத்தட்டுக் கம்பெனியில் பாடிக் காட்டிய பாட்டுகளில் இதுவும் ஒன்று. கம்பெனி அவர்களை வேண்டாம் என்று அனுப்பிவிட்டது. இன்னொரு மெக்சிகோக்காரர் அகுஸ்தீன் லாரா, ஸ்பெயினின் கிரனாடா நகரத்தைப் புகழ்ந்து 'கிரனாடா' எழுதினார். அப்போது அவர் ஸ்பெயினில் கால் வைத்ததே இல்லை. நேரில் பார்த்தது சுமார் இருபது வருடம் கழித்து.

எங்கிருந்து ஆரம்பிப்பது

புதிதாகக் கேட்பவர் ஒரு விஷயத்தில் குழம்புவார். அதே பாட்டை ஒரு பதிவில் முழுதாகப் பாடுவார்கள், இன்னொன்றில் பாடகர் பாதி வழியில் வந்து ஒரு பல்லவியை மட்டும் பாடிவிட்டுப் போய்விடுவார். இரண்டாவது வகை ஆடுவதற்கான பதிவு. அங்கே ராஜா இசைக்குழுத் தலைவர்: ஹுவான் தாரியென்சோ, கார்லோஸ் தி சார்லி, திரொய்லோ, ஒஸ்வால்தோ புக்லியேசே. பாடகரும் வயலின், பண்டோனியோன் மாதிரி ஒரு வாத்தியம்தான். (பண்டோனியோன் ஜெர்மனியில் பிறந்த பொத்தான் பெட்டி வாத்தியம். டாங்கோவின் அந்தப் பெருமூச்சு அதனுடையது.) கதையைக் கேட்க வேண்டுமானால் கிதார்களோடு கார்தெல் பாடியவற்றைத் தேடுங்கள். 'மி நோச்சே திரிஸ்தே'யில் தொடங்கலாம். பதிவு பழையது, கரகரக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அடுத்து 1930-இன் 'யீரா யீரா' குறும்படம், அந்தப் பேச்சோடு சேர்த்து. 'சுர்' பாட்டுக்கு எத்மூந்தோ ரிவேரோவின் குரல். திரொய்லோ குழுவோடு அதை முதலில் பாடியவர் அவர்தான், கிணற்றுக்குள்ளிருந்து வருவது போன்ற கட்டைக் குரல். இணையத்தில் பாட்டின் பெயரைத் தேடினால் பெரும்பாலும் இரண்டு பெயர்கள் வரும். ஸ்பானிய மொழியில் 'மூசிகா' என்றிருப்பவர் மெட்டுக்காரர், 'லெத்ரா' என்றிருப்பவர் வரிக்காரர். லெத்ராவுக்குப் பக்கத்தில் டிசெப்போலோ, மான்சி என்று பார்த்தால் யோசிக்காமல் கேளுங்கள். கொந்துர்சி என்று இருந்தால் முதல் பெயரையும் பார்த்துக்கொள்ளுங்கள்: பாஸ்குவல் அப்பா, ஹோசே மரியா மகன். மகனும் பெரிய பாடலாசிரியர். மகன் எழுதிய 'கிரிசெல்' பாட்டின் நாயகி நிஜமான பெண். பாட்டு வந்து இருபது வருடங்களுக்கு மேல் கழித்து இருவரும் கல்யாணம் செய்துகொண்டார்கள்.